மறதி நிலத்தில் மறக்காத ஒருவர்

புனைகதைகள் படைத்த ஆபத்தான இடங்களைப் பட்டியலிடச் சொன்னால், பேய்க்காடும் எரிமலைத் தீவும் பூதம் காவல்காக்கும் கோட்டையும்தான் சட்டென்று நினைவுக்கு வரும். இவற்றைவிடக் கொடிய நிலம் ஒன்று உலக இலக்கியத்தில் திரும்பத் திரும்ப வருகிறது. அங்கே போகிறவர்களின் உயிருக்கு ஒன்றும் ஆவதில்லை, உடம்பில் கீறல்கூட விழுவதில்லை. அவர்களுடைய நினைவுகளும் கதைகளும் மட்டும் இல்லாமல் போய்விடுகின்றன. ஹோமரிடம் அது ஒரு கடற்கரை. பிளேட்டோவிடம் மரமே இல்லாத சமவெளி. மார்க்கேஸிடம் சதுப்புநிலத்துக்கு அருகே ஓர் ஊர், யோகோ ஒகாவாவிடம் பெயரில்லாத ஒரு தீவு, கசுவோ இஷிகுரோவிடம் மூடுபனி படர்ந்த ஒரு நாடு. முதுமையில் நினைவு தப்பிவிடுமோ என்ற மனிதப் பயம்தான் இப்படி உருவம் எடுக்கிறது என்று பொதுவாகச் சொல்வார்கள். அதில் உண்மை உண்டு. ஆனால் இந்தக் கதைகளை அடுத்தடுத்து வைத்து வாசித்தால் வேறொரு விஷயம் தெரியவருகிறது. இந்த நிலங்கள் ஒவ்வொன்றிலும் மறக்காத ஒருவர் இருக்கிறார். அவர் சொல்வதை மற்றவர்கள் காதில் வாங்குகிறார்களா என்பதைப் பொறுத்தே அந்த நிலத்தின் கதி அமைகிறது. நினைவு என்பது ஒருவர் தலைக்குள் பூட்டிவைத்திருக்கும் தனிச்சொத்து இல்லை, சொல்பவரும் கேட்பவரும் சேர்ந்து காப்பாற்றும் பொதுச்சொத்து என்பதைத்தான் இந்தக் கற்பனைகள் அழுத்திச் சொல்கின்றன. மறதியை ஒரு நோயாக மட்டும் பார்த்துப் பழகிய நமக்கு இது இன்று அவசியமான பாடம்.

பழைய கதையிலிருந்தே தொடங்கலாம். ஹோமரின் ‘ஒடிசி’ ஒன்பதாம் பகுதியில், டிராய் போர் முடிந்து ஊர் திரும்பும் ஒடிசியஸின் கப்பல்கள் தாமரை தின்னும் மக்களின் கரையை அடைகின்றன. அங்கே வாழ்கிறவர்கள் யார், எப்படிப்பட்டவர்கள் என்று பார்த்துவர ஒடிசியஸ் மூன்று பேரை அனுப்புகிறான். அந்த மக்கள் வந்தவர்களுக்கு எந்தத் தீங்கும் நினைக்கவில்லை. தாங்கள் உண்பதையே அன்போடு அவர்களுக்கும் கொடுக்கிறார்கள். அதை உண்டவர்களுக்கு வீடு திரும்பும் எண்ணமே போய்விடுகிறது. அவர்கள் துன்பப்படவில்லை, அங்கேயே தங்கிவிடத்தான் ஆசைப்படுகிறார்கள். அழ அழ அவர்களை இழுத்துவந்து கப்பலின் பலகைகளுக்கு அடியில் கட்டிப்போடுகிறான் ஒடிசியஸ். அவனுக்கு இது சாத்தியமானதற்கு ஒரே காரணம், அவன் அந்தத் தாமரையைத் தின்னவில்லை. பல நூற்றாண்டுகளுக்குப் பிறகு பிளேட்டோ ‘குடியரசு’ நூலின் கடைசிப் பகுதியில் சொல்லும் கதையிலும் இதே அமைப்பைக் காணலாம். மறுபிறவிக்குக் கிளம்பும் ஆன்மாக்கள் வெப்பம் தகிக்கும் லீத்தி சமவெளியைக் கடந்து, அங்குள்ள ஆற்று நீரைக் குடித்து எல்லாவற்றையும் மறக்கின்றன. போரில் மாண்டு மீண்டெழுந்த ஏர் என்ற வீரன் ஒருவனை மட்டும் குடிக்கவிடாமல் தடுக்கிறார்கள். தான் அங்கே கண்டதைத் திரும்பிப்போய்ச் சொல்ல வேண்டியவன் அவன். ஒருவனாவது குடிக்காமல் இருந்தால்தான் அந்த ஆறு இருப்பதே மற்றவர்களுக்குத் தெரியும்.

மறதி நிலத்தின் உண்மையான ஆபத்து இங்கேதான் இருக்கிறது. பணத்தைத் தொலைத்தவனுக்குத் தொலைத்தது தெரியும், தேடுவான். நினைவைத் தொலைத்தவனுக்குத் தொலைத்ததே தெரியாது. எனவே அவனால் தேடவும் முடியாது, உதவி கேட்கவும் முடியாது. மீட்பு எப்போதும் வெளியிலிருந்துதான் வந்தாக வேண்டும். மறக்காத ஒருவரைக் கதாசிரியர்கள் விடாமல் உள்ளே கொண்டுவருவதற்குக் கதை நகர வேண்டும் என்ற உத்தி மட்டும் காரணமாக இருக்க முடியாது. மறதியின் இயல்பே அப்படி ஒருவரைக் கேட்கிறது.

இந்தச் சிக்கலை மிக நுணுக்கமாகக் காட்டியவர் கொலம்பிய எழுத்தாளர் காப்ரியேல் கார்சியா மார்க்கேஸ். ‘தனிமையின் நூறு ஆண்டுகள்’ என்று தமிழிலும் கிடைக்கும் அவருடைய 1967ஆம் ஆண்டு நாவலில், மகோந்தோ என்ற ஊரைத் தூக்கமின்மைக் கொள்ளைநோய் பிடித்துக்கொள்கிறது. வீட்டில் செய்து விற்கும் சர்க்கரை மிட்டாய் வழியாக அது ஊர் முழுக்கப் பரவுகிறது. தூங்காமல் இருப்பதை மக்கள் முதலில் கொண்டாடுகிறார்கள், வேலை செய்யக் கூடுதல் நேரம் கிடைக்கிறதே என்று. பிறகுதான் மறதி தொடங்குகிறது. பட்டறையில் தான் அன்றாடம் புழங்கும் பட்டடைக்கல்லின் பெயர் அவுரேலியானோவுக்கு ஒருநாள் நினைவில் வரவில்லை. அப்பா பெயரைச் சொல்ல, அதை ஒரு காகிதத்தில் எழுதிக் கல்லின் அடியில் ஒட்டிவைக்கிறான். இந்த யோசனையைப் பிடித்துக்கொண்ட அப்பா ஹோஸே அர்க்காதியோ புயேந்தியா, மையும் தூரிகையுமாகக் கிளம்பி மேசை, நாற்காலி, கடிகாரம், கதவு, மாடு, கோழி எல்லாவற்றின் மீதும் பெயர் எழுதுகிறார். பெயர் தெரிந்தும் பயன் மறந்துபோகலாமே என்ற கவலையில், மாட்டின் கழுத்தில் தொங்கும் அட்டையில் அதைத் தினமும் கறக்க வேண்டும், கறந்த பாலைக் காய்ச்ச வேண்டும் என்பதுவரை சேர்க்கிறார். ஊர் எல்லையில் ஊரின் பெயருக்கும், பெரிய தெருவில் கடவுள் இருக்கிறார் என்பதற்கும்கூடப் பலகைகள் வைக்கப்படுகின்றன. எழுத்தின் பொருளும் ஒருநாள் மறந்துபோனால் இத்தனை அட்டைகளும் வெறும் கீறல்களாகிவிடும் என்று புயேந்தியாவுக்கே தெரிந்திருக்கிறது. கடைசியில் ஊரைக் காப்பாற்றியது அட்டைகள் இல்லை. வெளியூரிலிருந்து வந்த நாடோடி மெல்குயாதெஸ் கொடுத்த மருந்து.

அதே ஊரில், அதே நாவலில், பின்னால் இன்னொரு மறதி வருகிறது. அதற்கு மருந்தே கிடைப்பதில்லை. வாழைத்தோட்ட நிறுவனத்துக்கு எதிராக வேலைநிறுத்தம் செய்த தொழிலாளர்கள் ரயில் நிலையச் சதுக்கத்தில் கூடியிருக்கும்போது ராணுவம் சுடுகிறது. மயங்கி விழுந்த ஹோஸே அர்க்காதியோ செகுந்தோ பிணங்களை ஏற்றிச்செல்லும் ரயிலில் கண்விழிக்கிறான், குதித்துத் தப்பி ஊருக்கு வருகிறான். வழியில் அவன் நுழையும் வீட்டிலேயே, இங்கே யாரும் சாகவில்லையே என்று ஒரு பெண் சொல்கிறாள். தொழிலாளர்கள் அமைதியாக வீடு திரும்பிவிட்டார்கள் என்று அரசு அறிவிக்கிறது, ஊர் அதை நம்புகிறது. முதல் மறதியில் ஊர் முழுக்க நோயாளிகள். ஆனால் தங்களுக்கு நோய் என்று அவர்களுக்குத் தெரியும், ஆகவே ஒருவருக்கொருவர் உதவினார்கள். இரண்டாவது மறதியில் நடந்தது முழுவதும் ஞாபகம் இருக்கும் மனிதன் கண்ணெதிரே நிற்கிறான். அவன் சொல்வதைக் கேட்கத்தான் ஆளில்லை. மறக்காத ஒருவர் இருந்தால் மட்டும் போதாது, அவரை நம்பும் இன்னொருவரும் வேண்டும் என்பதை மார்க்கேஸைவிடத் தெளிவாக யாரும் காட்டியதில்லை. செகுந்தோ தன் கடைசிக் காலத்தில் அந்தக் கதையைத் தன் குடும்பத்துச் சிறுவனிடம் ஒப்படைக்கிறான். அந்த ஒரு பையன் கேட்டதால்தான் மகோந்தோவில் அந்த உண்மை உயிரோடு இருக்கிறது.

இது வெறும் கற்பனை இல்லை. 1928 டிசம்பர் 6 அதிகாலையில், கொலம்பியாவின் சியனாகா நகரில் யுனைட்டட் ஃப்ரூட் நிறுவனத்தின் வாழைத்தோட்டத் தொழிலாளர்கள் மீது ராணுவம் சுட்டது. அப்போது மார்க்கேஸ் பக்கத்து ஊரான அரகாதகாவில் ஒன்றே முக்கால் வயதுக் குழந்தை. படைக்குத் தலைமை தாங்கிய தளபதி சொன்ன சாவு எண்ணிக்கை 47. மற்றவர்கள் சொன்னவை பல நூறிலிருந்து ஆயிரத்துக்கும் மேல் போகின்றன. இன்றுவரை அந்தக் கணக்கு தீரவில்லை. நாவல் சொல்லும் எண்ணிக்கையோ மூவாயிரம். இங்கே நியாயமான ஓர் ஆட்சேபம் எழும். ஆதாரமில்லாத எண்ணைப் பரப்பிய நாவல் எப்படி நினைவைக் காத்ததாகும், புனைவும் ஒருவகையில் உண்மை நினைவை அழிக்கிறதே என்று கேட்கலாம். இந்தக் கேள்வியை ஒதுக்கிவிட முடியாது. நாவலின் எண்ணை வரலாற்று எண்ணாக எடுத்துக்கொள்வது தவறு, அதைத் திருத்துவது வரலாற்றாசிரியரின் கடமை. ஆனால் எண்ணைப் பற்றிய விவாதம் நடக்க வேண்டுமென்றால், முதலில் அப்படி ஒரு இரவு இருந்தது என்பது மறக்கப்படாமல் இருக்க வேண்டும். சியனாகாவை உலகின் பல மூலைகளில் இருக்கும் வாசகர்கள் விசாரிக்கவே காரணமாக இருந்தது இந்த நாவல்தான். பிழையான நினைவைத் திருத்த வழியுண்டு. இல்லாத நினைவை எதைக்கொண்டு திருத்துவது?

ஜப்பானிய எழுத்தாளர் யோகோ ஒகாவா 1994இல் வெளியிட்ட நாவலில் மறதிக்குக் காவல்துறையே இருக்கிறது. ஒரு தீவில் ஒவ்வொரு பொருளாக மறைகிறது. ரிப்பன், மணி, மரகதம், அஞ்சல்தலை, பறவை, ரோஜா என்று பட்டியல் நீள்கிறது. காலையில் எழும்போது மக்களுக்கு ஏதோ ஒன்று குறைவதுபோல் தோன்றும். எது என்று தெரிந்ததும் மீதமிருப்பதையும் தாங்களே அழித்துவிட்டு அன்றாட வேலைக்குத் திரும்புவார்கள். பொருள் போனதோடு அதைப் பற்றிய உணர்வும் போய்விடுவதால் யாருக்கும் வருத்தமில்லை. மறக்க முடியாத சிலரை நினைவுக் காவலர்கள் பிடித்துச் செல்கிறார்கள். நாவல் எழுதும் கதைசொல்லிப் பெண், மறக்காத தன் பதிப்பாசிரியரை வீட்டுத் தரைக்கு அடியில் ஒளித்துவைக்கிறாள். நாஜிகளிடமிருந்து ஒளிந்து வாழ்ந்த சிறுமி ஆன் ஃபிராங்கின் நாட்குறிப்பு ஒகாவாவைச் சிறுவயதிலேயே ஆட்கொண்ட நூல் என்பதை அறிந்தால் இந்த ஒளிவிடத்தின் பொருள் இன்னும் கனக்கும். ஒருநாள் நாவல்களும் மறைகின்றன. மக்கள் புத்தகங்களைக் கொண்டுவந்து நெருப்பில் போடுகிறார்கள், நூலகம் எரிகிறது. இந்தக் காட்சியைக் கற்பனை என்று தமிழ் வாசகர் எளிதில் கடந்துவிட முடியாது. 1981 மே இறுதியில் தொடங்கி ஜூன் தொடக்கம் வரை நடந்த வன்முறையில் எரிக்கப்பட்ட யாழ்ப்பாணப் பொது நூலகத்தில் சுமார் 97,000 நூல்கள் அழிந்தன. 1992 ஆகஸ்டில் சரயேவோவின் தேசிய நூலகம் குண்டுவீச்சில் எரிந்தது. ஆனால் ஒகாவாவின் தீவுக்கும் இந்த ஊர்களுக்கும் ஒரு பெரிய வித்தியாசம் உண்டு. தீவின் மக்கள் எரிந்ததை மறந்தார்கள். யாழ்ப்பாணமும் சரயேவோவும் மறக்கவில்லை. ஏடுகள் சாம்பலானாலும் அவை எரிக்கப்பட்ட கதையை மக்கள் தலைமுறை தாண்டிச் சொல்லிவருகிறார்கள். எரித்தவர்களின் நோக்கம் முழுதாக நிறைவேறாமல் தடுத்தது அதுதான்.

கதைகளை விட்டுவிட்டு ஆய்வுகளைப் பார்த்தாலும் இதே முடிவுதான் கிடைக்கிறது. கேம்பிரிட்ஜ் உளவியலாளர் ஃபிரெடரிக் பார்ட்லெட் 1932இல் வெளியிட்ட நூலில், வட அமெரிக்கப் பூர்வகுடிகளின் கதை ஒன்றை ஆங்கிலேயர்களுக்குப் படிக்கக் கொடுத்து, இடைவெளி விட்டு இடைவெளி விட்டுத் திரும்பச் சொல்லவைத்த சோதனையை விவரிக்கிறார். அவர்களுக்குப் பழக்கமில்லாத பகுதிகள் ஒவ்வொன்றாக உதிர்ந்தன. பூர்வகுடிகளின் ஓடம் சாதாரணப் படகானது, ஆவிகள் காணாமல்போயின. நினைவுகூர்வது ஒவ்வொரு முறையும் புதிதாகக் கட்டி எழுப்பும் வேலை, அதற்கான கல்லும் மண்ணும் நாம் வாழும் சமூகத்திலிருந்தே வருகின்றன என்று இதிலிருந்து விளங்குகிறது. அதற்கு முன்பே, 1925இல், பிரெஞ்சு சமூகவியலாளர் மோரிஸ் ஆல்ப்வாக்ஸ் நினைவுக்குச் சமூகச் சட்டகம் தேவை என்று வாதிட்டிருந்தார். குடும்பம், சமயம், வர்க்கம் போன்ற குழுக்களின் துணையோடுதான் மனிதர் தம் சொந்த நினைவையும் மீட்டெடுக்கிறார் என்பது அவர் கருத்து. அந்த ஆல்ப்வாக்ஸ் 1945இல் நாஜிகளின் புகன்வால்ட் முகாமில் இறந்தார். ஒரு மக்கள் கூட்டத்தைச் சிதறடித்தால் அதன் நினைவும் சிதறும் என்பதற்கு அந்த முகாமைவிடப் பெரிய சாட்சி வேண்டியதில்லை.

இப்போது இன்னொரு ஆட்சேபம். இன்றைக்கு எல்லாமே பதிவாகிறது, புகைப்படமும் காணொளியும் ஆவணமும் கைபேசியிலேயே இருக்கின்றன, இந்தக் காலத்தில் மறதி நிலம் எப்படி வரும் என்று கேட்கலாம். ஜெர்மன் எழுத்தாளர் மிஷாயேல் எண்டே 1979இல் வெளியிட்ட ‘முடிவில்லாத கதை’யில் இதற்கு விடை இருக்கிறது. அந்நூலின் முதற்பாதியில், கற்பனை நாட்டை ‘இன்மை’ என்ற ஒன்று ஊர் ஊராக விழுங்குகிறது. மனிதர்கள் அந்த நாட்டுக்கு வருவதை, அதாவது கதைகளைத் தேடிவருவதை, நிறுத்திவிட்டதே அதற்குக் காரணம். விழுங்கப்பட்டவை மனித உலகில் பொய்களாக முளைக்கின்றன. கதை இல்லாமல்போன இடத்தைப் பொய் நிரப்பும் என்று ஒரு சிறுவர் நூலில் எழுத எண்டேவுக்குக் காரணம் இருந்தது. 1929இல் பிறந்த அவர் வளர்ந்தது ஹிட்லரின் ஜெர்மனியில். ஓவியரான அவருடைய தந்தை எட்கர் எண்டேயின் படைப்புகளை நாஜிகள் தடைசெய்தார்கள். பெரும்பாலான ஓவியங்கள் 1944இல் மியூனிக் மீதான குண்டுவீச்சில் எரிந்துபோயின.

நூலின் பிற்பாதியில் பாஸ்டியன் என்ற சிறுவன் அந்த நாட்டுக்குள் போகிறான். அவன் விரும்பியதெல்லாம் நடக்கிறது, ஒவ்வொரு விருப்பத்துக்கும் விலையாக ஒரு நினைவு போகிறது. எல்லா நினைவும் போனவர்கள் வாழும் நகரம் ஒன்றை அவன் காண்கிறான். பகடைகளில் எழுத்துகளைப் பொறித்து அவர்கள் உருட்டிக்கொண்டே இருக்கிறார்கள். உருட்டிக்கொண்டே இருந்தால் என்றாவது ஒருநாள் உலகின் எல்லாக் கதைகளும் தற்செயலாக வந்துவிழும் என்பது கணக்கு. எழுத்துகளுக்கு அங்கே பஞ்சமில்லை. ஒரு கதையைச் சொல்ல நினைக்கும் மனிதர்தான் இல்லை. பதிவுகள் குவிந்துகிடந்தால் நினைவு பத்திரமாக இருக்கிறது என்று நம்புகிறவர்களுக்கு எண்டே சொல்லும் பதில் இது. படம் சேமிப்பில் இருக்கலாம். அதில் இருப்பவர் யார், அன்று என்ன நடந்தது, அது ஏன் முக்கியம் என்று சொல்ல ஒருவர் இல்லையென்றால் அது பகடையில் விழுந்த எழுத்துதான். பாஸ்டியன் கடைசியில் தன் பெயரையே மறந்து நிற்கும்போது, அவனுக்காக அவன் பெயரைச் சொல்பவன் நண்பன் அத்ரேயு. வீடு திரும்பியதும் பாஸ்டியன் செய்யும் முதல் காரியங்களில் ஒன்று, நடந்ததையெல்லாம் தந்தையிடம் சொல்வது. மனைவியை இழந்த துக்கத்தில் மகனோடு பேச்சையே குறைத்துவிட்டிருந்த அந்தத் தந்தை, இந்த முறை முழுவதையும் கேட்கிறார்.

இனி மிகக் கடினமான ஆட்சேபத்துக்கு வரலாம். நினைவு பகையை வளர்க்கும், மறதிதான் சமாதானம் தரும் என்கிறார்கள். இஷிகுரோ 2015இல் எழுதிய ‘புதைந்த அரக்கன்’ நாவல் இதையே எடுத்துக்கொள்கிறது. ஆர்தர் மன்னனுக்குப் பிந்திய பிரிட்டனில், ஒரு பெண் டிராகனின் மூச்சு மூடுபனியாகப் படர்ந்து எல்லோரையும் மறக்கவைக்கிறது. ஆர்தரின் படை சாக்சன் கிராமங்களில் செய்த படுகொலை நினைவுக்கு வந்தால் மீண்டும் போர் மூளும் என்பதால் மந்திரவாதி மெர்லின் செய்த ஏற்பாடு அது. மறக்காத சாக்சன் வீரன் விஸ்டன் அந்த டிராகனைக் கொல்கிறான். பனி விலகுகிறது, இனி பழிவாங்கலும் வரும் என்று தெரிகிறது. இஷிகுரோ எந்தப் பக்கமும் சாயாமல் இரண்டு பக்கத்து வலியையும் காட்டுகிறார். என் பார்வையில் அந்த நாவலின் திறவுகோல் வேறொரு கேள்வியில் இருக்கிறது. மறதியைத் தேர்ந்தெடுத்தது யார்? கொன்றவர்கள் தேர்ந்தெடுத்தார்கள், கொல்லப்பட்டவர்களின் பிள்ளைகளை யாரும் கேட்கவில்லை. அவர்களுக்குத் தெரியாமல் அவர்கள்மேல் ஏவப்பட்ட மறதி எப்படிச் சமாதானமாகும்? தீர்க்கப்படாத வழக்கைக் கோப்போடு புதைப்பதற்குப் பெயர் சமாதானம் இல்லை.

ஆனால் வரலாற்றில் மறதி பலன் தரவில்லையா? கி.மு. 403இல் கொடுங்கோலர் ஆட்சி வீழ்ந்தபின் ஏதென்ஸ் மக்கள் பழைய கொடுமைகளைக் கிளறுவதில்லை என்று சத்தியம் செய்து நகரத்தைக் காப்பாற்றினார்கள். சர்வாதிகாரி ஃபிராங்கோ இறந்தபின், 1977இல், ஸ்பெயின் நாடாளுமன்றம் பொது மன்னிப்புச் சட்டம் இயற்றி ஜனநாயகத்துக்கு மாறியது. இரண்டும் உண்மை. இரண்டையும் சற்று உற்றுப் பார்க்க வேண்டும். கிளறமாட்டேன் என்று சத்தியம் செய்ய வேண்டுமானால் கிளறுவதற்கு ஏதோ இருக்கிறது என்று நினைவிருக்க வேண்டும். ஏதென்ஸ்காரர்கள் மறந்துவிடவில்லை, பழிவாங்குவதைத்தான் கைவிட்டார்கள். மன்னிப்பு நினைவுள்ளவர்களால் மட்டுமே முடியும். ஸ்பெயினிலோ மன்னிப்பைத் தாண்டி ஒரு மௌனமும் சேர்ந்துகொண்டது. உள்நாட்டுப் போரில் கொல்லப்பட்டுச் சாலையோரங்களில் புதைக்கப்பட்டவர்களைப் பற்றிப் பல குடும்பங்கள் வீட்டுக்குள்கூட உரக்கப் பேசவில்லை. 2000ஆம் ஆண்டில் எமிலியோ சில்வா என்ற பத்திரிகையாளர் தன் தாத்தாவைத் தேடி பிரியாரான்சா தெல் பியர்சோ என்ற ஊரில் தோண்டியபோது 13 பேரின் எலும்புகள் கிடைத்தன. அதன்பின் பேரப்பிள்ளைகளின் கேள்வி நாடு முழுக்கப் பரவியது. 2007இலும் 2022இலும் நினைவுக்காகவே தனிச் சட்டங்கள் வந்தன. கேட்டவர்கள் யாரும் மறுபடி போர் தொடுக்கவில்லை. தாத்தாவை முறைப்படி அடக்கம் செய்யத்தான் விரும்பினார்கள். நினைவு என்றாலே பழிதான் என்ற கூற்று இங்கே உடைகிறது.

எதையும் மறக்காமல் வாழ முடியுமா என்று கேட்டால், முடியாது, வேண்டியதும் இல்லை. அர்ஜென்டீனாவின் போர்ஹெஸ், ஒரு விபத்துக்குப் பின் எதையுமே மறக்க முடியாமல் போன ஃபூனெஸ் என்ற இளைஞனைப் படைத்திருக்கிறார். ஒவ்வொரு இலையும் ஒவ்வொரு நொடியும் தனித்தனியாக நினைவில் நிற்பதால் அவனால் பொதுமைப்படுத்திச் சிந்திக்க முடிவதில்லை. மறப்பது மூளையின் இயல்பான பணி, வாழ்வுக்குத் தேவையானது. நேற்று என்ன சாப்பிட்டோம் என்பது போகட்டும். தன்னால் உதிரும் மறதியையும் யாரோ ஒருவர் லாபத்துக்காக உதிர்க்கும் மறதியையும் ஒன்றாகக் குழப்பிக்கொள்ளக் கூடாது என்பதே இங்கே முக்கியம். பிரித்தறிய ஓர் எளிய சோதனை உண்டு. மறந்துபோனதை ஒருவர் எடுத்துச் சொல்லும்போது, அட, ஆமாம் என்று நாம் கேட்டுக்கொள்ள முடிந்தால் அது இயல்பான மறதி. சொல்பவரைப் பேசவிடாமல் தடுக்க வேண்டியிருந்தால் அது மறதி நிலத்தின் ஆட்சி.

ஆகவே இந்தக் கற்பனை நிலங்களின் அபாயத்திலிருந்து தப்புவதற்கான வழியும் அந்தக் கதைகளிலேயே இருக்கிறது. எல்லோரும் எல்லாவற்றையும் நினைவில் சுமக்க வேண்டும் என்று அவை கோரவில்லை. சாட்சி சொல்பவரைத் தனியாக விட்டுவிடாதீர்கள் என்றுதான் கோருகின்றன. பள்ளிப் பாடநூலில் இல்லாததை வீட்டுப் பெரியவர் சொல்லும்போது உட்கார்ந்து கேட்பது, கேட்டதைப் பெயரோடும் ஊரோடும் எழுதிவைப்பது, எழுதியதை ஆதாரத்தோடு ஒப்பிட்டுத் திருத்துவது, அடுத்தவருக்குச் சொல்வது ஆகிய நான்கும் எந்தக் குடும்பத்துக்கும் முடிகிற காரியங்கள். மறக்காதவர் ஒருவர் எங்கும் இருப்பார், அதை இலக்கியம் உறுதியாகவே சொல்கிறது. அவர் பேச்சைக் கேட்க இன்னொருவர் இருப்பார் என்ற உறுதியை இலக்கியத்தால் தர முடியாது. அதை நாம்தான் தர வேண்டும்.